எர்காஷ் மிதித்த ரொட்டி

தாஷ்கந்துப் பழைய நகரத்தில் சேணம் தைத்துக்கொண்டிருந்த எர்காஷை நடிகராக்கியது அவருடைய புருவம். லெனின்கிராடிலிருந்து படம் பிடிக்க வந்த இயக்குநர் அந்த அடர்ந்த புருவத்தைக் கடைவாசலில் பார்த்தார். "இவன்தான் நம் பண்ணையார்" என்று கையோடு இழுத்துப் போனார். எட்டு ஊமைப் படங்கள், எட்டிலும் கொடும் பண்ணையார். ஆறில் சுட்டுக் கொன்றார்கள். பேசும் படம் வந்ததும், பண்ணையாருக்கு இந்தக் கீச்சுக்குரல் ஆகாது என்று வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். படக்காரர்கள் யாருக்கும் இன்று அவர் பெயர் தெரியாது. ஊர் மட்டும் மறக்கவில்லை. மறந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

நாலாவது படத்தில், அநாதைப் பிள்ளை கேட்கும் ரொட்டியைப் பண்ணையார் கீழே போட்டு மிதிக்க வேண்டும். நாங்கள் தரையில் ஒரு ரொட்டித் துணுக்கைக் கண்டால்கூட எடுத்து முத்தமிட்டு, உயரத்தில் வைத்துவிட்டுத்தான் நடப்போம். இயக்குநருக்கு இதெல்லாம் எங்கே தெரியும்?

"காலை வெட்டிக்கோங்க. ரொட்டி மேல வைக்க மாட்டேன்" என்று எர்காஷ் உட்கார்ந்துவிட்டார்.

அரை நாள் வேலை நின்றது. கடைசியில் குயவரிடம் சொல்லி, களிமண்ணில் ஒரு ரொட்டி செய்து, சுட்டு, எள் ஒட்டிக் கொண்டுவந்தார்கள். அதைத்தான் மிதித்தார். இயக்குநர் பேச்சை மொழிபெயர்த்துச் சொல்ல நானும் பக்கத்திலேயே நின்றேன்.

என் இன்னொரு வேலை கொட்டகையில். திரையில் எழுத்து வரும்போதெல்லாம் அதை உரக்கச் சொல்ல வேண்டும். படம் பார்க்க வருகிறவர்களில் படிக்கத் தெரிந்தவர்களை விரல் விட்டு எண்ணிவிடலாம். அந்த இடத்தில் வந்த எழுத்து "பண்ணையார் மறுக்கிறார்", அவ்வளவுதான். என் வாய் சும்மா இருந்ததா? "ஐயோ, சூடு ஆறாத கோதுமை ரொட்டி! பாவி மிதிக்கிறானே!" என்று தொண்டை கிழியக் கத்தினேன். கொட்டகையே எழுந்து திரைமேல் செருப்பை வீசியது. ருசி கண்டவன், மறுநாளும் அப்படியே கத்தினேன்.

அடுத்த வருஷம் எர்காஷின் மகள் ஹோசியத்தை, வேறு பேட்டையில் ரொட்டி சுடும் நிஷானின் மகனுக்குப் பேசினார்கள். பெண்கள் பேசி முடித்த சம்பந்தம். சேணம் தைப்பவர் மகள் என்றுதான் நிஷானுக்குச் சொல்லியிருந்தார்கள். இரண்டு வீட்டுத் தகப்பன்மாரும் சேர்ந்து ஒரு ரொட்டியைப் பிட்டால் நிச்சயம் ஆயிற்று. நிஷான் வந்தார், எர்காஷின் முகத்தைப் பார்த்தார், நீட்டிய ரொட்டியைத் தொடாமல் எழுந்து போய்விட்டார்.

மறுநாள் அவருடைய அடுப்படிக்கு ஓடினேன்.

"நிஷான் அண்ணே, அது மண்ணு. சத்தியமா மண்ணு."

"கோதுமை ரொட்டின்னு கத்தினது யாரு, உங்க தாத்தாவா?"

"அது சும்மா, சனங்க ரசிக்கட்டும்னு..."

"நாலு தடவை பார்த்தேன்யா. நாலு தடவையும் நீதான் சொன்னே. இன்னைக்கு மண்ணுங்கிறே, நாளைக்கு மரம்பே. போய்யா, மாவு புளிக்குது."

பிறகு நிஷான் வீட்டார் ஒரு வழி சொல்லி அனுப்பினார்கள். எர்காஷின் தம்பி துர்குன் தகப்பன் இடத்தில் உட்கார வேண்டும். எர்காஷ் அந்தப் பக்கமே வரக்கூடாது.

"பொண்ணு நல்லா இருந்தா போதும்" என்றார் எர்காஷ். எனக்கு என் நாக்கை அறுத்துப் போடலாம் போல இருந்தது. அறுக்கவில்லை. துர்குன் வீட்டு விருந்தில் அதே நாக்கால் மூன்று தட்டு புலாவ் தின்றேன்.

ரொட்டியைப் பிட்டு முடித்ததும் ஹோசியத் ஒரு துண்டைத் துணியில் சுற்றி என்னிடம் தந்தாள். "மாமா, அப்பாகிட்ட குடுத்துடுங்க."

"அது மண்ணுதான்மா" என்றேன்.

"நானும் கொட்டகையில இருந்தேன் மாமா. உங்க குரல் இன்னும் காதுல இருக்கு."

எர்காஷ் சேணக்கடைக்குள் கதவைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்திருந்தார். துண்டை வாங்கி முத்தமிட்டு நெற்றியில் வைத்தார்.

"என் பொண்ணாவது நம்புறாளா?"

"நம்புறா அண்ணே" என்றேன், கொட்டகையில் பேசும் அதே குரலில். அவர் நம்பிவிட்டார்.