பதினைந்தாம் தேதி போன ஏரி

அவ்வாத் முதல் நாள் என் அறைக்கு வந்தபோது, யாரோ கொடுத்தனுப்பிய பொட்டலத்தைத் தூக்கி வருவதுபோல இடது கையை வலது கையால் தூக்கிக்கொண்டு வந்தார். நாற்காலியில் உட்கார்ந்ததும் அதை மேசைமேல் வைத்துவிட்டு, "இதைக் கொஞ்சம் பாருங்க" என்றார்.

ஜோர்டானின் அகபா துறைமுகத்தில் முப்பத்தொரு வருடம் கிரேன் ஓட்டியவர். தரையிலிருந்து நாற்பது மீட்டர் உயரத்தில் ஒரு கண்ணாடிக் கூண்டு. காலுக்குக் கீழேயும் கண்ணாடி. நாள் முழுக்கக் குனிந்து, இரண்டு பாதங்களுக்கு நடுவில் தெரியும் கப்பலைப் பார்த்தபடி வேலை. வலது கை ஏற்றும், இறக்கும். இடது கை கூண்டையும் கொக்கியையும் கடல் பக்கமும் கரைப் பக்கமுமாக ஓட்டும். ஓய்வு பெற்ற மறு வருடம், ஒரு கல்யாண வீட்டில் விருந்தினர்களுக்குக் காப்பி ஊற்றிக்கொண்டிருந்தபோது பக்கவாதம் வந்தது. காப்பிக் கூஜா இடது கையில் இருந்து விழுந்ததைத்தான் முதலில் எல்லோரும் பார்த்தார்கள். அவர் விழுந்தது அதற்குப் பிறகு. கால் நான்கு மாதத்தில் ஓரளவு சரியானது. கைதான் வரவில்லை.

கை விரல்களுக்குப் பயிற்சி கொடுப்பது என் வேலை. நான் மருத்துவர் இல்லை. இப்திஹால் என்று பெயரைச் சொல்லியே கூப்பிடுங்கள் என்று எத்தனை முறை சொன்னாலும் அவர் டாக்டரம்மா என்றேதான் கூப்பிட்டார். பிசையும் களிமண்ணையும், துளைகளில் குச்சி செருகும் பலகையையும் கொடுத்தேன். மூன்று நாள் செய்தார். நான்காம் நாள் பலகையைத் தள்ளி வைத்துவிட்டு, தன் பேரன் கூட இதைவிடப் பெரிய சாமான்களோடு விளையாடுகிறான் என்றார்.

எங்கள் மறுவாழ்வு மையத்தின் மூலையில் ஒரு விளையாட்டுப் பெட்டி இருந்தது. கடற்கரை ஹோட்டல் ஒன்று தன் விருந்தினர் கூடத்தைப் புதுப்பித்தபோது தொலைக்காட்சியோடு சேர்த்துக் கொடுத்தது. அதோடு ஒரு சந்தாவும் இருந்தது. நானூறுக்கு மேல் விளையாட்டுகள் வரிசையாகத் தெரியும், எதை வேண்டுமானாலும் திறந்து ஆடலாம். அதற்கு மேல் எனக்கு ஒன்றும் தெரியாது. என் கண்ணில் பட்டது கன்ட்ரோலர்தான். இரண்டு கையாலும் பிடிக்க வேண்டும், இடது கட்டைவிரலுக்கு ஒரு சின்ன ஸ்டிக் உண்டு.

அவ்வாத் வரிசையைப் பார்த்துக்கொண்டே போய் ஒரு மீன்பிடி விளையாட்டில் நின்றார். அதில் யாரும் யாரையும் சுடவில்லை என்பதுதான் அவர் சொன்ன காரணம். பனி மூடிய மலைகளுக்கு நடுவில் ஒரு ஏரி, மரப் படகு ஒன்று. தூண்டிலைச் சுற்றி இழுக்க இடது ஸ்டிக்கை வட்டமாகச் சுழற்ற வேண்டும். கட்டைவிரலுக்கு அதைவிட நல்ல பயிற்சியை நானே யோசித்திருந்தாலும் கண்டுபிடித்திருக்க மாட்டேன்.

ஆடும் நேரமெல்லாம் அந்த ஏரியைத் திட்டினார். உப்பில்லாத தண்ணீரில் வளரும் மீனை யார் சாப்பிடுவார்கள் என்றார். படகைக் கரையில் கட்டியிருக்கும் முடிச்சு தவறு என்றார். ஆனால் களிமண்ணை ஐந்து நிமிடம் பிசையாத மனிதர் இருபத்தைந்து நிமிடம் ஸ்டிக்கைச் சுழற்றினார். பிடிமானத்தை அளக்கும் கருவியில் முதல் வாரம் நான்கு கிலோ காட்டிய இடது கை, ஆறாவது வாரம் ஒன்பது காட்டியது. அவருடைய கோப்பில் அடுத்த மூன்று மாதத்துக்கான திட்டத்தை எழுதினேன். எல்லாம் அந்த ஏரியை வைத்துத்தான்.

அந்த ஏரியில் ஒரு பெரிய பச்சை மீன் இருந்தது. நீண்ட வாய், கூரான பல். மாட்டும், பாதி தூரம் வரும், அவர் கட்டைவிரல் தளரும் நேரம் பார்த்து தூண்டில் நரம்பை அறுத்துக்கொண்டு போய்விடும். அவர் அதற்கு அசாஃப் என்று பெயர் வைத்தார். துறைமுகத்தில் அவருக்கு மேலதிகாரியாக இருந்தவரின் பெயர்.

அந்த மாதம் மூன்றாம் தேதி, வியாழக்கிழமை, விளையாட்டைத் திறக்கப் போனபோது அதன் படத்தின் ஓரத்தில் ஒரு சின்னக் கடிகாரம் தெரிந்தது. கீழே, பதினைந்தாம் தேதியோடு விலகுகிறது என்று எழுதியிருந்தது. நான் ஏதோ கோளாறு என்று நினைத்து வரவேற்பில் இருக்கும் யஸீதைக் கூப்பிட்டேன். நாற்பது வயது, இரண்டு பிள்ளைகளின் தகப்பன். வீட்டில் இவனும் அதே சந்தா வைத்திருக்கிறான்.

கோளாறு இல்லை என்றான் யஸீத். பட்டியலில் இருக்கும் விளையாட்டுகளில் பாதிக்கு மேல் சந்தாக் கம்பெனியின் சொந்தம் இல்லை. செய்தவர்களிடமிருந்து ஆறு மாதம், ஒரு வருடம் என்று ஒப்பந்தம் போட்டு எடுத்து வைக்கிறார்கள். தவணை முடிந்ததும் எடுத்துவிடுவார்கள், அந்த இடத்துக்கு வேறு வரும். மாதா மாதம் நடப்பதுதான். போவதற்கு இரண்டு வாரம் முன்னால் இப்படிக் கடிகாரம் போட்டுச் சொல்வார்கள்.

"மெஷினுக்குள்ள இறக்கி வச்சிருக்கோமே, அது எப்படிப் போகும்?" என்று நான் கேட்டேன்.

"இறக்கி வச்சிருந்தாலும் திறக்காதுக்கா. சாவி அவங்ககிட்ட இருக்கு. ஆனா அவ்வாத் சித்தப்பா பிடிச்ச மீன், சேத்த புள்ளி எல்லாம் அப்படியே பத்திரமா இருக்கும். என்னைக்காவது திரும்ப வந்தா விட்ட இடத்துலேர்ந்து ஆடலாம்."

அவ்வாத் கன்ட்ரோலரை மடியில் வைத்துவிட்டு யஸீதைப் பார்த்தார்.

"பூட்டின குடோன்ல உன் சரக்கு பத்திரமா இருக்குன்னு சொல்ற" என்றார். பிறகு என்னிடம் திரும்பி, "இது யார்டு, டாக்டரம்மா. அங்க நிக்கிற கண்டெய்னர் ஒண்ணாவது துறைமுகத்தோடதா? நாள் குறிச்சுத்தான் நிக்கும். நாள் முடிஞ்சா தூக்கு, அடுத்ததை இறக்கு. முப்பத்தொரு வருஷம் நான் செஞ்சதே அதுதான். எனக்குப் போய் விளக்கம் சொல்றான் இவன்" என்றார்.

எங்கள் எல்லோரையும்விட அவருக்கு விஷயம் நன்றாகப் புரிந்துவிட்டது. ஆனால் புரிந்ததால் கோபம் குறையவில்லை. எனக்கோ வெட்கமாக இருந்தது. இரவல் பொருள் என்று தெரியாமலே ஒருவருடைய மூன்று மாதத்தை அதன்மேல் எழுதி வைத்திருந்தேன்.

விலகும் முன் சந்தாதாரர்கள் அந்த விளையாட்டைக் குறைந்த விலைக்குச் சொந்தமாக வாங்கிக்கொள்ளலாம் என்று யஸீத் சொன்னான். ஆனால் கணக்கு ஹோட்டலின் பெயரில் இருந்தது. கடவுச்சொல் தெரிந்த மேலாளர் வேறு ஊருக்கு மாற்றலாகிப் போயிருந்தார். ஹோட்டல் நிர்வாகத்துக்கு எழுதிக் கேட்டேன். மீதி நானூறு விளையாட்டுகளில் ஒன்றைப் பயன்படுத்தவும் என்று ஒரே வரியில் பதில் வந்தது.

அவ்வாத்துக்கு வாரம் மூன்று நாள்தான் முறை. கணக்குப் பார்த்தால் ஐந்து தடவைதான் மிச்சம். தினமும் வர வேண்டும் என்றார். மற்றவர்கள் சாப்பிடப் போகும் ஒரு மணி நேரத்தை அவருக்குக் கொடுத்தேன். மனைவி தமாம் சோறும் தயிருமாகப் பாத்திரத்தில் கட்டிக் கொடுத்தனுப்பினார். சாப்பிடக் கூட நேரம் ஒதுக்காமல் ஆடினார். பச்சை மீன் நான்கு முறை மாட்டியது, நான்கு முறையும் போனது. பதினைந்தாம் தேதி, செவ்வாய்க்கிழமை, ஐந்தாவது முறையாக மாட்டியது. படகுக்குப் பக்கத்தில், அதன் முதுகு தண்ணீருக்கு மேலே தெரியும் அளவுக்கு வந்துவிட்டது. அவர் கட்டைவிரல் தளர ஆரம்பித்தது. நரம்பு அறுந்தது.

மறுநாளும் வந்தார். படத்தை அழுத்தினார். இந்த விளையாட்டு இப்போது கிடைக்காது என்று திரையில் வந்தது. இன்னொரு முறை அழுத்திப் பார்த்தார். கன்ட்ரோலரை மெதுவாக மேசைமேல் வைத்துவிட்டு எழுந்து போனார். கார் பந்தயம் ஒன்று இருக்கிறது, கால்பந்து இருக்கிறது என்று பின்னால் போய்ச் சொன்னேன். கேட்டதாகவே காட்டிக்கொள்ளவில்லை.

இரண்டு வாரம் வரவில்லை. போன் செய்தால் தமாம்தான் எடுப்பார். கூப்பிட்டுப் பார்க்கிறேன் என்பார். பிறகு தூங்குகிறார் என்பார். பத்தாம் நாள் உண்மையைச் சொன்னார்.

"தூங்கலம்மா, இப்திஹால். பக்கத்துலதான் இருக்காரு. மீன் போயிடுச்சுன்னு வர மாட்டேங்கிறாரு. அறுபது வயசு மனுஷன் இப்படிச் சொன்னார்னு நான் வெளிய யார்கிட்டயும் சொல்ல முடியுமா?"

மீனுக்காக மட்டும் இல்லை என்று எனக்குத் தோன்றியது. கூண்டில் இருந்து இறங்கிய பிறகு, தன் கையால் முடித்துக் காட்டலாம் என்று அவருக்குக் கிடைத்த முதல் வேலை அது. பாதியில் பிடுங்கிக்கொண்டார்கள்.

அந்த வாரம் வேலை முடிந்த பிறகு யஸீதை உட்கார வைத்துப் பட்டியல் முழுவதையும் பார்த்தேன். எந்த விளையாட்டு எந்த விரலுக்கு வேலை கொடுக்கிறது, எது கம்பெனியின் சொந்தம், எது இரவல் என்று மூன்று பத்திகளாக ஒரு தாளில் எழுதினேன். ஒரே அசைவுக்கு மூன்று விளையாட்டாவது இருக்கும்படி பார்த்துக்கொண்டேன். நோயாளியின் கோப்பில் இனிமேல் விளையாட்டின் பெயரை எழுதுவதில்லை, அசைவை மட்டும் எழுதுவது என்று அன்றைக்கு முடிவு செய்தேன். முன்பே செய்திருக்க வேண்டியது.

தமாம் அவரை டாக்சியில் ஏற்றிக் கொண்டுவந்து இறக்கினார். வாசலிலேயே திரும்பிவிடுவேன் என்று அவர் மிரட்டியிருந்ததால் தமாமும் கூடவே உள்ளே வந்து உட்கார்ந்துகொண்டார். கார் பந்தயம் அவ்வாத்துக்குத் தலைசுற்றலைக் கொடுத்தது. கால்பந்து வேகம் அதிகம். விவசாய விளையாட்டில் கோதுமை விளையும்வரை காத்திருக்க முடியாது என்றார். என் தாளில் நான்காவதாக ஒரு சமையல் விளையாட்டு இருந்தது. ஒரே அடுக்களையில் இரண்டு பேர். வெங்காயம் நறுக்கி, சூப் கொதிக்கவிட்டு, தட்டில் ஊற்றி, நேரத்துக்குள் அனுப்ப வேண்டும். அதை ஆட ஆள் தேவை. யஸீதுக்கு வெளியே கூட்டம். இன்னொரு கன்ட்ரோலரைத் தமாமிடம் கொடுத்தேன். அவர் அதைத் தலைகீழாகப் பிடித்தார்.

இதுவும் இரவல்தான், என்றைக்குப் போகும் என்று இரண்டு வாரம் முன்னால்தான் தெரியும் என்று இருவரிடமும் முதலிலேயே சொல்லிவிட்டேன்.

"போகட்டும். அதுக்குள்ள சமைச்சு முடிச்சிடலாம்" என்றார் தமாம்.

முதல் நாள் அடுக்களை மூன்று முறை தீப்பிடித்தது. இரண்டாம் நாள் சண்டை வந்தது.

"வெங்காயம், வெங்காயம்னு தொண்டை கிழியுது எனக்கு. நீங்க தக்காளிகிட்ட நின்னு வேடிக்கை பாக்குறீங்க."

"கிரேன்ல என்னை யாரும் அதட்டினது கிடையாது. ரேடியோல மரியாதையாச் சொல்வாங்க, தெரியுமா?"

"இங்க ரேடியோ இல்ல, நான்தான் இருக்கேன். தட்டை எடுங்க."

தட்டை எடுத்தார். எடுத்ததில் இடது கட்டைவிரல் மட்டுமல்ல, அதற்கு மேலே இருக்கும் பொத்தானை அழுத்த ஆள்காட்டி விரலும் மடங்கியது. ஏரியில் அந்த விரலுக்கு வேலையே இருந்ததில்லை. அது மடங்கியதை அவர் கவனிக்கவில்லை. நான் கோப்பில் குறித்துக்கொண்டேன்.

அதன் பிறகு ஐந்து மாதம் இருவரும் சேர்ந்தே வந்தார்கள். காத்திருக்கும் மற்ற நோயாளிகள் நாற்காலியைத் திருப்பிப் போட்டுக்கொண்டு இவர்களைப் பார்ப்பார்கள். கல்யாணமான முப்பத்திரண்டு வருடத்தில் இவர் தன் அடுக்களைக்குள் கால் வைத்தது ஹஜ்ஜுப் பெருநாள் இறைச்சி வெட்ட மட்டும்தான் என்று தமாம் எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னார். இடையில் ஒரு மாதத் தொடக்கத்தில் மீன்பிடி விளையாட்டு பட்டியலுக்குத் திரும்பி வந்தது. யஸீத் சொன்னபடியே புள்ளிகளெல்லாம் அப்படியே இருந்தன. அவ்வாத் திறந்து பத்து நிமிடம் ஆடினார். பச்சை மீன் வரவில்லை. தமாம் கைப்பையை எடுத்துக்கொண்டு எழுந்ததும் இவரும் நிறுத்திவிட்டு எழுந்தார்.

கடைசியாக அளந்தபோது இடது கை பதினேழு கிலோ, வலது முப்பத்து நான்கு. சட்டைப் பொத்தானைத் தானே போட்டுக்கொள்கிறார். தேநீர்க் குவளையைப் பிடிக்கிறார், சூடாக இருந்தால் மட்டும் வலது கைக்கு மாற்றிக்கொள்கிறார். கார் ஓட்டும் உரிமத்தைப் புதுப்பிக்கப் போனார். மருத்துவக் குழு ஒரு வருடத்துக்கு முடியாது என்று சொல்லிவிட்டது. நேராக என்னிடம் வந்து, கை சரியாகிவிட்டது என்று ஒரு கடிதம் கேட்டார். பதினேழு கிலோ என்றுதான் எழுத முடியும் என்றேன். "நாப்பது மீட்டர் மேலேர்ந்து ஓட்டினவனுக்கு ஒரு கார் ஓட்டத் தெரியாதா?" என்று கேட்டுவிட்டுப் போனார். ரமலான் மாதம் முழுக்க என்னோடு பேசவில்லை.

பெருநாள் முடிந்து தமாம் ஒரு பெட்டி மஅமூல், பேரீச்சம்பழம் வைத்த பெருநாள் பிஸ்கட், கொண்டுவந்தார். தான் ஓட்டுநர் பள்ளியில் சேர்ந்திருப்பதாகச் சொன்னார். அபூ ஸாலிம் (மகன் பெயரை வைத்து அவ்வாதை அவர் அப்படித்தான் சொல்வார்) வெளியே வேப்பமரத்தடியில் நிற்பதாகவும், உள்ளே வரக் கூச்சப்படுவதாகவும் சொன்னார். நான் எழுந்து போய்ப் பார்த்தேன். சலாம் சொன்னார். தமாம் முதல் தேர்வில் தேறவில்லை, வண்டியைப் பின்னால் எடுக்கும்போது கம்பத்தில் இடித்துவிட்டாள் என்று ஒரு குறையும் வைக்காமல் முழுவதையும் சொன்னார். பிறகு இருவரும் ஏழாம் நம்பர் பேருந்தைப் பிடிக்க நடந்தார்கள்.