தலைமுழுகிய வெந்நீர்

நேற்றுப் பேத்தி இஸ்திரி போடும்போது பருத்திச் சட்டை ஒன்று தீய்ந்துவிட்டது. அந்த வாடை மூக்கில் ஏறியதுமே நான் மாட்டுங்கா வீட்டுக் குளியலறையில், ஈரக் கல்லின் மேல், தலையில் எண்ணெய் வழிய உட்கார்ந்திருந்தேன்.

வெள்ளைக்காரனை வெளியேறச் சொல்லி ஊரே கத்திய ஆகஸ்ட் அது. தாதர் பக்கம் ஊர்வலத்துக்குப் போன சித்தப்பா, அங்கே போலீஸ் சுட்டதற்குப் பிறகு வீடு திரும்பவில்லை. அவரைத் தேடிப் போலீஸ்காரர்கள் கட்டிடம் கட்டிடமாக ஏறிக்கொண்டிருந்தார்கள்.

சர்க்கார் ஆபீஸில் குமாஸ்தாவான அப்பா, "கேட்டா, அவனை எப்பவோ தலைமுழுகியாச்சுன்னு சொல்லிடு" என்றார்.

"உங்க வாய்ல இது எப்படி வர்றது?" என்றாள், சித்தப்பாவைப் பிள்ளைபோல வளர்த்த அம்மா. ஆனாலும் அவருடைய கதர் ஜிப்பாக்களையும், அவர் இருந்த போட்டோக்கள் அத்தனையையும் அவளேதான் செப்புப் பாய்லரின் அடிக்கனலில் ஒவ்வொன்றாகச் செருகினாள். பட்டப்பகலில் பாய்லர் புகைவதற்கு ஒரு சாக்கு வேண்டுமே என்று எனக்கு எண்ணெய் தேய்த்துவிட்டார்கள்.

வெளியே மழையும் டிராம் மணியும், உள்ளே சீயக்காய் நெடியும் கதர் கருகும் வாடையுமாக இருந்த அந்த மத்தியானத்தில், வெந்நீர் அவ்வளவு சுகமாக இருந்ததால், "இன்னும் ரெண்டு சொம்பு விடும்மா" என்று கெஞ்சினேன். அம்மா புகையில் கண்ணைத் துடைத்துக்கொண்டே விட்டாள்.

சித்தப்பா வரவே இல்லை. திதி கொடுக்க நாள் தெரியாது. பார்க்கப் படமும் கிடையாது. எவ்வளவு முயன்றாலும் அவர் முகம் எனக்கு நினைவுக்கு வருவதில்லை. அந்த வெந்நீரின் சூடு மட்டும் இன்னும் முதுகில் இதமாக இருக்கிறது.