பேசுகிறவர் ஓட்டக் கூடாது

கல்யாணப் பதிவு அலுவலகத்தில் கையெழுத்துப் போட்டு முடிப்பதற்குள் எங்கள் வீட்டு மாப்பிள்ளை நாலைந்து தடவை கழுத்தைத் திருப்பித் தன் முதுகுக்குப் பின்னால் பார்த்துவிட்டார். என் அக்காவுக்கு முகம் சுருங்கிப்போயிற்று. "என்னடி இவரு, ஓடிப்போக வழி தேடுறாரா?" என்று என் காதில் கேட்டாள். அவருக்குப் பின்னால் நின்றது நான்தான். வந்த ஆத்திரத்தில், "கதவைப் பூட்டிட்டு வரட்டுமா அத்தான்?" என்று கேட்டே விட்டேன். மனிதர் விழுந்து விழுந்து சிரித்தார். போர் விமானம் ஓட்டுகிறவன் முன்னால் பார்ப்பதைவிடப் பின்னால் பார்ப்பதுதான் அதிகமாம். எதிரி வாலைப் பிடித்துக்கொண்டுதான் வருவானாம். "பின்னாடி பாக்காதவன் எவனும் கல்யாணம் வரைக்கும் வந்து சேரலம்மா" என்றார். படையில் அவருக்குப் பம்பரம் என்று பட்டப்பெயர்.

சரக்கு லாரி ஓட்டுநரின் மகன் அவர். அப்பாவின் மடியில் உட்கார்ந்து ஸ்டீயரிங் பிடித்த கை. விமானப்படையில் சேர்ந்த இரண்டாம் வருஷமே போர் வந்தது. ஒற்றை ஆள் உட்காரும் விமானம். அதில் எதிரி விமானங்கள் ஐந்தை வீழ்த்தினார். இதையெல்லாம் நான் விசாரித்துத் தெரிந்துகொண்டதாக நினைக்க வேண்டாம். தன்னடக்கம் என்ற சொல்லே அத்தானின் அகராதியில் கிடையாது. பதக்கங்கள் முன்னறையில் கடிகாரத்துக்குக் கீழே, வாசல் திறந்ததும் கண்ணில் படுகிற இடத்தில் தொங்கும். சிலிண்டர் போட வருகிற ஆள்கூட ஒரு சண்டையாவது கேட்காமல் படியிறங்க முடியாது. இரண்டு கைகளையும் விமானமாக்கி, இது நான், இது அவன் என்று சாப்பாட்டு மேஜைக்கு மேல் துரத்துவார். ஒரு தடவை அந்த எதிரி விமானம் என் டீயில் விழுந்து புடவை பாழாயிற்று.

பெரிய பதக்கத்தின் கதையை மட்டும் அவர் ஒருபோதும் முழுசாகச் சொன்னதில்லை. போரில் எப்போதும் இரண்டு இரண்டு பேராகத்தான் பறப்பார்களாம். ஒருவர் முன்னால், ஜோடிக்காரர் பின்னால் காவல். அன்று ஜோடிக்காரரின் விமானத்தில் குண்டு பட்டுவிட்டது. அவருக்கும் தோளில் காயம். இரண்டு எதிரிகள் துரத்த, ஒருவனைச் சுட்டுத் தள்ளி மற்றவனை விரட்டிவிட்டு, அத்தான் ஜோடிக்காரரின் பக்கத்திலேயே, இறக்கையோடு இறக்கை ஒட்டினாற்போல், ரேடியோவில் தைரியம் சொல்லிக்கொண்டே தளம் வரைக்கும் கூட்டி வந்தார். "தளத்து வேலி வந்துச்சு, வேலியைத் தாண்டினோம்..." என்பார். அதோடு சரி. "டீ ஆறுது, குடிங்க" என்று பேச்சை மாற்றிவிடுவார்.

போர் முடிந்தது. படையில் ஆள் குறைத்தார்கள். அத்தான் பயணிகள் விமான நிறுவனத்தில் துணை விமானியாகச் சேர்ந்தார். விமான நிலையத்துக்குப் பின்புறத் தெருவில், மாடியில் இரண்டு அறை வாடகைக்குப் பிடித்தார்கள். அக்காவுக்கு ஒரு பெண் குழந்தையும் பிறந்தது. நான் அதே நிலையத்தின் கட்டுப்பாட்டுக் கோபுரத்தில், நாங்கள் சொல்வது டவர், வேலை பார்த்தேன். வருகிற விமானத்துக்கு இறங்கலாம், நில்லு, சுற்று என்று ரேடியோவில் சொல்கிற வேலை. "வீட்டுலயும் அதிகாரம், ஆகாசத்துலயும் அதிகாரம்" என்று அத்தான் புலம்புவார்.

கேப்டன் ஆகும் முறை வந்தபோதுதான் வினையே ஆரம்பித்தது. பயணிகள் விமானத்தில் முன்னால் இரண்டு பேர் உட்காருவார்கள். ஒருவர் ஓட்டுவார், மற்றவர் எங்களோடு பேசுவார், வேகமும் உயரமும் பார்த்துப் பக்கத்தில் இருப்பவருக்கு வாய்விட்டுச் சொல்வார். ஓட்டுகிறவர் எங்களோடு பேசக் கூடாது, பேசுகிறவர் ஓட்டக் கூடாது. அதனால் யார் குரல் வருகிறதோ அவர் கையில் விமானம் இல்லை என்று டவரில் இருக்கிற எங்களுக்குத் தெரியும். எங்கள் அத்தான் கேப்டன் பயிற்சியில் ஏறி உட்கார்ந்த வண்டியில் மட்டும் இந்தக் கணக்குச் செல்லாது. ஓட்டுவதும் அவரே, பேசுவதும் அவரே. பக்கத்தில் ஒரு ஆள் இருக்கிறார் என்ற நினைப்பே கிடையாது. "இன்னைக்கு யாருக்குங்க மௌன விரதம்?" என்று எங்கள் மேற்பார்வையாளர் என்னைக் கேலி செய்வார். எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

கேப்டன் ஆவதற்குச் சோதனை உண்டு. கண்கொத்திப் பாம்பு என்று எல்லாரும் அழைக்கிற மூத்த கேப்டன் ஒருவர் பின் இருக்கையில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டே வருவார். முதல் சோதனையில், சக்கரத்தை இறக்கத் துணை விமானி கை நீட்டினார். அத்தான் அந்தக் கையைத் தட்டிவிட்டார். விமானத்தைப் பூப்போலத்தான் இறக்கினார், ஆனாலும் தோல்வி. இரண்டாம் சோதனையில் கையைத் தட்டவில்லை. துணை விமானி வாயைத் திறப்பதற்குள் எல்லாவற்றையும் தானே பேசி முடித்துவிட்டார். மறுபடியும் தோல்வி. மூன்றாவது சோதனைதான் கடைசி. அதிலும் போனால் பறக்கிற வேலையே கிடையாது, தரையில் அலுவலகத்தில் நாற்காலி தருகிறோம் என்று நிறுவனம் சொல்லிவிட்டது.

"ஆபீஸ் நாற்காலியில என்னை உக்கார வெச்சா நான் மூச்சு முட்டியே செத்துடுவேன்" என்றார் அத்தான். சொன்ன விதத்தில் துளியும் விளையாட்டு இல்லை. சோறு இறங்காமல் எழுந்து போனார்.

எனக்குப் பொறுக்கவில்லை. அக்காவைப் பிடித்து உலுக்கினேன். "உன் புருஷன் தான் பிடிச்ச முயலுக்கு மூணே கால்னு நிக்கிறாரே, நீ ஒரு வார்த்தை சொல்ல மாட்டியா?" அக்கா குழந்தையின் சட்டையை மடித்துக்கொண்டே இருந்தாள். அப்புறம்தான் வேலிக்கு அந்தப் பக்கத்துக் கதையைச் சொன்னாள்.

"அந்த ஜோடிக்காரர் வேலியைத் தாண்டினதும் அவசரப்பட்டு விமானத்தோட மூக்கைத் தூக்கிட்டாராம். வேகம் செத்துப்போய் விமானம் அப்படியே கவுந்துடுச்சு. இவரு பக்கத்துலயே பறந்துக்கிட்டு இருந்தாருடி. தூக்காதே, தூக்காதேன்னு கத்தினாராம். கத்தத்தான் முடிஞ்சுது. கை எட்டல. என் கை அங்க இருந்திருந்தா அவன் பொழைச்சிருப்பான்னு இன்னமும் தூக்கத்துல சொல்றாரு."

கேட்டதும் எனக்கு அழுகை வந்தது. அழுகையோடு கோபமும் வந்தது. நான் அப்படித்தான். மாடிப்படியில் ஷூவுக்குப் பாலிஷ் போட்டுக்கொண்டிருந்தவர் முன்னால் போய் நின்றேன்.

"அத்தான், செத்தவரு பாவம், போயிட்டாரு. உங்க பக்கத்துல உக்காந்திருக்கிறவங்க உயிரோடதான் இருக்காங்க. அவங்க கையை எதுக்குக் கட்டிப் போடுறீங்க?"

அவர் தலையைத் தூக்கவில்லை. "வாயால சொல்லி யாரையும் இறக்க முடியாதும்மா. நான் சொல்லிப் பாத்தவன்."

"அப்ப நாங்க டவர்ல உக்காந்து தெனமும் வாயாலதானே இறக்குறோம்? எங்களையும் தூக்கிக் குப்பையில போட்டுடுங்க!"

"நீ ஜன்னலோரம் உக்காந்துக்கிட்டுப் பேசுற" என்றார். அதற்குப் பிறகு சோதனை நாள் வரைக்கும் என்னோடு முகம் கொடுத்துப் பேசவில்லை. நானும் போய்யா என்று விட்டுவிட்டேன்.

சோதனை அன்று பகல் வெயில். பயணிகளோடு திரும்பி வருகிற வழக்கமான பயணம்தான். துணை விமானி புதுசு. எப்போதும் மூக்கடைத்த மாதிரி ஒரு குரல் அவருக்கு. அக்காவின் வீட்டுக்கு முந்தின மாதம்தான் தொலைபேசி வந்திருந்தது. எதுவாயிருந்தாலும் உடனே சொல்லு என்று காலையிலேயே என்னிடம் சத்தியம் வாங்கிக்கொண்டாள்.

இறங்க அனுமதி கேட்டு ரேடியோவில் குரல் வந்தது. மூக்கடைத்த குரல்! எனக்குத் துள்ளிக் குதிக்க வேண்டும் போல் இருந்தது.

"அதிசயமா இருக்கே, உங்க அத்தானுக்குத் தொண்டை கட்டிக்கிச்சா?" என்றார் மேற்பார்வையாளர்.

"வாயை மூடிக்கிட்டு ஓட்டுறாருங்க" என்றேன் பெருமையாக. மூக்கடைத்த குரலே அடுத்த தகவலையும் சொன்னது, அதற்கடுத்ததையும் சொன்னது. விமானம் கண்ணுக்குத் தெரிய ஆரம்பித்தது. இன்னும் கொஞ்ச தூரம் இப்படியே வாயை மூடிக்கொண்டு வந்துவிடுங்கள் அத்தான் என்று மனசுக்குள் கெஞ்சினேன்.

அப்போது வயல் பக்கமிருந்து ஒரு பறவைக் கூட்டம் எழும்பியது. ரேடியோ கரகரத்தது.

"டவர், பறவை மோதிடுச்சு. முன்கண்ணாடி ஒடைஞ்சிருக்கு. ஆம்புலன்ஸ் வேணும்."

அத்தானின் குரல்.

உயிர் பயம் ஒரு பக்கம். இன்னொரு பக்கம், போச்சு, எல்லாவற்றையும் மறுபடி தன் தலையில் இழுத்துப் போட்டுக்கொண்டார், பறக்கிற பிழைப்பு இன்றோடு முடிந்தது என்ற நினைப்பு. ஓடுபாதை உங்களுக்குத்தான், இறங்குங்கள் என்று சொன்னேன். தீயணைப்பு வண்டியும் ஆம்புலன்ஸும் மணியடித்துக்கொண்டு கிளம்பின.

எனக்குப் பதில் சொல்லி முடித்த அத்தான் ரேடியோ பொத்தானை விடவில்லை. இறுக்கிப் பிடித்தபடியே இருந்திருக்கிறார். உடைந்த கண்ணாடி வழியாகக் காற்று ஊளையிடுவது எங்களுக்குக் கேட்டது. அதற்கு நடுவில் அவர் சத்தம் போட்டுச் சொன்னதும் கேட்டது.

"வேகம் சரி. உயரம் சரி."

கொஞ்சம் பொறுத்து மறுபடி, "வேகம் சரி."

மேற்பார்வையாளர் நாற்காலியில் நிமிர்ந்தார். "ஏங்க, ஓட்டுறவர் எதுக்கு வேகத்தைப் படிச்சு வாய்விட்டுச் சொல்லணும்?"

அப்படியானால் விமானம் அவர் கையில் இல்லை! தொலைநோக்கியை எடுத்துப் பார்த்தேன். விமானம் நிலையத்து வேலியை நெருங்கியது. "சரி" என்ற குரலும் நின்றுவிட்டது. வேலியைத் தாண்டியது. ஐயோ, மூக்கு மேலே எழும்பத் தொடங்கியது, கொஞ்சம் சீக்கிரமாகவே. இப்போது பிடுங்கிவிடுவார், கையைத் தட்டிவிட்டுப் பிடுங்கிவிடுவார் என்று நினைத்தேன். நானாக இருந்தால் பிடுங்கியிருப்பேன்.

"மூக்கு" என்று ஒரே ஒரு வார்த்தை வந்தது. கத்தல் இல்லை, பதற்றமும் இல்லை.

மூக்கு தணிந்தது. சக்கரம் தரையில் பட்டது, எகிறியது, மறுபடி பட்டு மறுபடி எகிறியது, அப்புறம் புழுதி கிளப்பிக்கொண்டு ஓடி நின்றது. மகா மட்டமான இறக்கம். நான் நாற்காலியில் ஏறி நின்று கைதட்டினேன்.

ரேடியோ இன்னும் திறந்துதான் இருந்தது. எஞ்சின் சத்தம் அடங்கியதும் ஒருவர் விம்மி விம்மி அழுவது கேட்டது. ஐந்து விமானத்தை வீழ்த்திய எங்கள் அத்தான், சின்னக் குழந்தை மாதிரி அழுதார். டவரில் ஒருவர்கூடச் சிரிக்கவில்லை. மேற்பார்வையாளர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டார். பிறகு கண்கொத்திப் பாம்பின் குரல் கேட்டது. "கேப்டன், பொத்தானை விடுங்க. ஊரே கேக்குது." ரேடியோ அணைந்தது.

ஆம்புலன்ஸ் ஆள் தகவல் சொல்லும்வரை காத்திருந்தேன். கண்ணாடிச் சில்லு பட்டு இடது கண்ணுக்கு மேலே கிழிந்திருக்கிறது, ரத்தம் வழிந்து அந்தக் கண்ணை மறைத்துவிட்டதாம், மற்றபடி கண்ணுக்கு ஒன்றுமில்லை, தன் காலால் நடந்தே இறங்கினார் என்றான். அப்புறம்தான் அக்காவுக்குத் தொலைபேசி போட்டேன். முதல் மணிக்கே எடுத்துவிட்டாள். பறவை மோதியதையும் காயத்தையும் சொல்லி, பயப்படாதே என்று இரண்டு தடவை சொன்னேன். அவள் மூச்சு வாங்குவது கேட்டது.

"சோதனை என்னாச்சு? பாஸா?"

"இன்னும் யாரும் ஒண்ணும் சொல்லலக்கா. வண்டியை அவரு இறக்கல."

"என்னது?"

"துணை விமானி இறக்கினாரு. அவரு பக்கத்துல உக்காந்து வேகம் படிச்சுச் சொன்னாரு. கடைசி வரைக்கும் தொடவே இல்லை."

அந்தப் பக்கம் குழந்தை எதையோ தட்டுகிற ஓசை மட்டும் வந்தது. இணைப்புப் போய்விட்டதோ என்று, "அக்கா, அக்கா" என்று கூப்பிட்டேன்.

"இருக்கேன்டி" என்றாள். "அப்ப அவரு பாஸ்தான்."