ஐந்து நாள் வைத்திருந்த கடிதம்

கமரா பிடிக்க எனக்கு யாரும் பழக்கவில்லை. வெளிநாட்டுக்குப் போன மச்சான் விட்டுவிட்டுப் போன வீடியோ கமராவை வைத்துக்கொண்டு, கலியாண வீடுகளில் பிழைவிட்டுப் பிழைவிட்டுத்தான் கற்றுக்கொண்டேன். பிறகு ஆசை பெருத்துவிட்டது. எங்கள் சனம் எப்படிச் சீவிக்கிறது என்று ஒரு ஆவணப்படம் எடுக்கவேண்டும் என்று புறப்பட்டேன். இரணைமடுவில் வலை போடுகிறவர்கள், சவர்க்காரம் கிடைக்காமல் பனம்பழத்தில் உடுப்புத் தோய்க்கிறவர்கள் எல்லாரையும் எடுத்தேன். ஒருவர் கையில் கடிதம் வந்து சேருகிற காட்சி மட்டும் அமையவில்லை.

சண்டை நடந்த அந்த நாளில் ஆமியின் பக்கமிருந்த வவுனியாவுக்குப் போய்வருகிறவர்கள் கையில்தான் கடிதம் கொடுத்துவிடுவார்கள். நடுவிலிருந்த சோதனைத் தடைமுகாமில் எப்படியும் பிரித்துப் பார்ப்பார்கள் என்பதால் ஒட்டுவதில்லை. கொண்டுவருகிறவன் வாசிக்கக்கூடாது என்பது எழுதாத சட்டம்.

பல்வலிக்கு மருந்து எடுக்க, தடைமுகாமைக் கடந்து போய்வர எனக்குப் பாஸ் கிடைத்தது. திரும்பும்போது வவுனியாப் பக்கத்துப் பூவரசங்குளத்தில் ஒரு இளம் பெண்பிள்ளை, எங்கள் அக்கராயனில் இருக்கும் தன் தாய்க்கு ஒரு கடிதம் தந்தாள். அவளுக்கு நிறைமாதம். அவளுடைய கணவர் தடைமுகாம்வரை என்னைச் சைக்கிளில் ஏற்றிவந்து, நான் கடந்ததைப் பார்த்துவிட்டுத்தான் திரும்பினார்.

அந்த அம்மாவை எனக்குத் தெரியும். மகளின் கடிதத்துக்காகப் போவோர் வருவோரையெல்லாம் விசாரித்துக்கொண்டிருந்தவர். என் காட்சி கிடைத்துவிட்டது என்று நினைத்தேன். ஆனால் கமராவின் பற்றரி செத்துக் கிடந்தது. மண்ணெண்ணெய் கிடைத்து யாராவது ஜெனரேற்றர் ஓடவிட்டால்தான் சார்ஜ் பண்ணலாம். ஐந்து நாள் சென்றது. அந்த ஐந்து நாளும் அவருடைய வீட்டுப் பக்கம் தலைகாட்டாமல் வாய்க்கால் வரம்பால் சைக்கிளை உருட்டிக்கொண்டு திரிந்தேன். கடிதத்தைப் பிரித்துப் பார்க்கவில்லை. அதில் எனக்குப் பெருமை வேறு. நேர்மையானவனாம்!

ஆறாம் நாள் கமராவைத் தோளில் வைத்துக்கொண்டு போய், நேற்றுத்தான் வந்தேன் என்று வாய் கூசாமல் சொல்லிக் கொடுத்தேன். அவர் முற்றத்தில் நின்றே வாசித்தார். முகம் மலர்ந்தது, பிறகு அப்படியே இறங்கிப்போனது. நான் நிறுத்தாமல் எடுத்தேன்.

"பதினைஞ்சாந் திகதிக்கு முந்தி வரட்டாம், தம்பி. பாதையை இண்டைக்குக் காலமை பூட்டிப்போட்டாங்களே."

பாஸுக்கு நாள் கணக்கு உண்டு. ஒருமுறைதான் போகலாம் என்பதால், மகள் நாள் சொல்லட்டும் என்று அதை எடுத்து வைத்துக்கொண்டு காத்திருந்திருக்கிறார். எனக்கு அது தெரியாது. தெரியாது என்று எத்தனையோ தரம் எனக்கே சொல்லிப் பார்த்துவிட்டேன், மனம் கேட்கவில்லை.

படத்தைப் பள்ளிக்கூடத்தில் போட்டபோது அந்த இடத்தில் சனம் அழுதது. இதுதான் உண்மையான காட்சி என்று என் கையைப் பிடித்துச் சொன்னார்கள். வெட்கமாக இருந்தது. ஆனாலும் கையை இழுத்துக்கொள்ளவில்லை.

பாதை திறக்க மாதக்கணக்காயிற்று. அதற்குள் அந்த அம்மாவின் பாஸ் காலாவதியாகிவிட்டது. மகளிடமிருந்து பிறகு ஒரு வரியும் வரவில்லை. நான் திரும்பவும் வவுனியா போகிறேன் என்று கேள்விப்பட்டு வீட்டுக்கே வந்தார்.

"கடிதம் பிந்தித்தான் கிடைச்சதெண்டு நீங்கள் ஒருக்காச் சொல்லிவிடுங்கோ, தம்பி. நீங்கள் சொன்னால் நம்புவாள்."

எல்லாவற்றையும் ஒப்புக்கொள்வதென்ற முடிவோடுதான் போனேன். அவள் மடியில் பிள்ளையை வைத்துக்கொண்டு இருந்தாள். ஆஸ்பத்திரியில் பக்கத்துக் கட்டில்காரியின் தாய்தான் தனக்குச் சுடுதண்ணீர் வைத்துத் தந்தவர் என்று சொன்னாள். பிறகு என்னை நிமிர்ந்து பார்த்தாள்.

"நீங்கள் அண்டைக்கே கடந்ததை இவர் பாத்தவர். அம்மாட்டை எப்ப குடுத்தனீங்கள், அண்ணா?"

பாதையில் சுணங்கிவிட்டது என்று சொல்ல வழியில்லை. ஒன்றில் நான் குற்றவாளி, இல்லையென்றால் அந்த அம்மா. அவ்வளவு தூரம் எடுத்துக்கொண்டு போன துணிவு எங்கே போனதோ தெரியாது.

"போன அண்டைக்கே குடுத்திட்டன்" என்றேன்.

அவள் பிள்ளையை மற்றத் தோளுக்கு மாற்றினாள்.

"அப்ப அம்மாதான் வரேல்லை" என்றாள்.

அவள் போட்டுத் தந்த தேத்தண்ணியையும் குடித்துவிட்டுத்தான் எழும்பி வந்தேன்.