ஒரு கண் வானத்துக்கு

சுவிட்சில் கை வைக்கும் முன்பே கியாசுதீனின் வலது கண் மூடிக்கொண்டுவிடுகிறது. வாசல் ஆர்ச்சில் பச்சை ஓடுகிறது, சிவப்பு அதைத் துரத்துகிறது, இரண்டு பக்கமும் மயில்கள் தோகை விரிக்கின்றன. பெண் வீட்டார் வாயைப் பிளந்து பார்த்துக்கொண்டிருக்க, விளக்கு போட்டவரோ ஒற்றைக் கண்ணோடு ஏணியைச் சுற்றி வந்து ஒயர்களைச் சரிபார்க்கிறார். "கண்ணுல என்ன பாய், கட்டியா?" என்று யாராவது கேட்காத கல்யாணமே இல்லை. "அதெல்லாம் இல்லங்க. இன்னைக்கு வானம் சுத்தமா இருக்கு. வெளிச்சம் படாம இந்தக் கண்ணை அதுக்குன்னு எடுத்து வச்சிருக்கேன்" என்பார். கேட்டவர் மேற்கொண்டு எதுவும் கேட்பதில்லை.

பாலக்கரையில் சீரியல் செட் வாடகைக்கு விடுகிறவர் அவர். ஊருக்கெல்லாம் வெளிச்சம் போட்டுப் பிழைக்கிற மனிதருக்குப் பிடித்துப்போனது, வெளிச்சம் துளியும் ஆகாத ஒரு காரியம். ஆள் உயரத் தொலைநோக்கி ஒன்று வைத்திருக்கிறார். வீட்டில் அதற்குப் பெயர் குழாய். நிலா அவருக்கு ஆகவே ஆகாது. பௌர்ணமியன்று முகம் கொடுத்துப் பேசமாட்டார். அவருக்கு வேண்டியவை மங்கலானவை: ஓரியன் வேட்டைக்காரனின் வாள் நடுவில் புகையாய்த் தெரியும் நெபுலா, குழாய் வழியே கொட்டிக் கிடக்கும் கார்த்திகைக் கூட்டம், எல்லாவற்றுக்கும் மேலாக ஆண்ட்ரோமெடா கேலக்ஸி. "இருபத்தஞ்சு லட்சம் வருஷத்துக்கு முன்னாடி கிளம்புன வெளிச்சம் சார். நடுவுல ஒரு ஃபியூஸ் போகல பாருங்க!" என்று தொழில் முறையில் வியப்பார்.

இப்படிப்பட்ட மங்கல்களை நேராகப் பார்த்தால் மறைந்துவிடும். கொஞ்சம் தள்ளி வேறெதையாவது பார்த்தால், ஓரக்கண்ணில் தானாக வந்து நிற்கும். பார்த்துப் பார்த்து, கியாசுதீனுக்கு இப்போது எல்லாவற்றையும் ஓரக்கண்ணால் பார்ப்பதே பழக்கமாகிவிட்டது. தராசைச் சந்தேகப்படுகிறார் என்று நினைத்து, கறிக்கடைக்காரர் எப்போதும் ஒரு துண்டு கூடவே போடுகிறார்.

ஸ்ரீரங்கத்து வரது அவருக்குக் கூட்டாளி. பேங்கில் வேலை. "என் பொண்ணு கல்யாணத்துக்கு லைட் போட வந்த மனுஷன், மொட்டை மாடில லைட்டையெல்லாம் அணைச்சுட்டு ஆகாசத்தைப் பார்த்துண்டு நிக்கறார். நானும் போய்ப் பக்கத்துல நின்னேன். அவ்வளவுதான், மாட்டிண்டேன்" என்று இன்றைக்கும் சொல்லிச் சிரிப்பார்.

இந்தச் சிரிப்பில் சேராதவர் ஒருவர் உண்டு. கியாசுதீனின் மனைவி வஹீதா. குழாய் நிற்கிற மூலையில் வாஷிங் மெஷின் வைக்க வேண்டும் என்பது அவர் கட்சி. "நிலாவைக் காட்டுனீங்க, சரி. வளையம் போட்ட கிரகம், அதுவும் சரி. இந்த ஆண்ட்ரோமெடாங்கறது மட்டும் எப்பப் பார்த்தாலும் ஒண்ணுமே இல்ல. நீங்களும் வரது சாரும் சேர்ந்துக்கிட்டு இல்லாததை இருக்குங்கறீங்க."

பாலக்கரை மாடியிலிருந்து பார்த்தால் ஊர் வெளிச்சத்தில் யாருக்கும் தெரியாதுதான்; அதற்கென்றே இருவரும் ஊருக்கு வெளியே இருட்டுத் தேடிப் போவார்கள். ஆனால் இந்தத் தை மாதத்தில் வஹீதா முடிவாகச் சொல்லிவிட்டார். "சனிக்கிழமை நானும் வரேன். என் கண்ணுக்குத் தெரிஞ்சா குழாய் இங்கயே இருக்கட்டும். தெரியலைன்னா குடோனுக்குப் போகட்டும்." குடோன் என்றால் எலியும் ஒழுகும் கூரையும். அங்கே போன கண்ணாடி ஒரு மழைக்காலம் தாங்காது. கியாசுதீனுக்கு அந்த வாரம் முழுக்கச் சோறு சரியாக இறங்கவில்லை.

சனிக்கிழமை அந்தி மஃரிப் தொழுகை முடிந்ததும் குழாயைக் குட்டியானை வேனில் ஏற்றி, வழியில் வரதுவையும் ஏற்றிக்கொண்டு, கொள்ளிடம் தாண்டி மண்ணச்சநல்லூர் போனார்கள். தெரிந்த ரைஸ் மில்லின் நெல் காயவைக்கிற களம். அவர்கள் வழக்கமாக நிற்கிற இடம்தான். எப்போதும் கும்மிருட்டாக இருக்கும். அன்றைக்கோ களமே பச்சையும் சிவப்புமாக மாறி மாறி மின்னியது. வயலுக்கு அந்தப் பக்கம் ஒரு வீட்டில் விசேஷம்.

கியாசுதீன் அந்த ஆர்ச்சை உற்றுப் பார்த்தார். இடது பக்க மயிலுக்கு மூன்றாவது இறகு எரியவில்லை. ஒரு மாதமாக ரிப்பேர் பார்க்காமல் தள்ளிப்போட்ட அவருடைய சொந்த மயில்! மண்ணச்சநல்லூர் பக்கம் என்று விசேஷ வீட்டார் போனில் சொன்னதும், எந்த இடம் என்று கேட்காமல் காலையில் ஆட்களிடம் கொடுத்து அனுப்பியவர் அவரேதான்.

வரதுவுக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. "உம்ம லைட்டுதானே ஓய்? போய் ஒரு கால் மணி அணைக்கச் சொல்லும். கரண்ட் போச்சுன்னு நெனைச்சுப்பா."

கியாசுதீன் நாலு அடி நடந்தார். நின்றார். ஆர்ச்சுக்குக் கீழே பட்டுப்பாவாடையில் ஒரு பெண்ணை நிறுத்தி யாரோ போட்டோ எடுத்துக்கொண்டிருந்தார்கள். அவர் திரும்பி வந்துவிட்டார்.

"வேணாம் சார். விசேஷ வீட்டுல நானே போய் இருட்டாக்குறதா? குழாய் குடோனுக்கே போகட்டும்."

வரதுவின் சிரிப்பு நின்றது. வஹீதா அவரையே பார்த்தார். பிறகு வயலுக்கு அப்பாலிருந்த மயிலைப் பார்த்தார்.

"இவ்வளவு தூரம் வந்தது சும்மா நிக்கறதுக்கா? குழாயைத் திருப்பி வைங்க."

கியாசுதீன் வடமேற்கே திருப்பி வைத்தார். வஹீதா தன் கறுப்புத் துப்பட்டாவைத் தலைக்கு மேலாக இழுத்து, முகத்தையும் குழாயில் கண் வைக்கிற கண்ணாடியையும் ஒன்றாகப் போர்த்திக்கொண்டார். பச்சையும் சிவப்பும் துணிக்கு வெளியே நின்றுவிட்டன.

"உள்ள நல்லா இருட்டாத்தான் இருக்கு" என்று குரல் வந்தது. "ஆனா ஒண்ணும் தெரியல."

"அவசரப்படாத. கண்ணு பழகட்டும்."

விசேஷ வீட்டில் மேளம் முழங்கி ஓய்ந்தது. பந்தியில் யாரோ சாம்பார் கேட்டுக் கூப்பிட்டார்கள்.

"இப்பவும் தெரியல."

"நேராப் பாக்காத வஹீதா. ஓரத்துல ஒரு சின்ன நட்சத்திரம் இருக்குல்ல, அதைப் பாரு. இது தானா வரும்."

கியாசுதீன் வரதுவைப் பார்த்தார், வரது செருப்பைப் பார்த்தார். பூமி சுற்றுகிற சுற்றில் இந்நேரம் ஆண்ட்ரோமெடா குழாயின் விளிம்புக்கு நகர்ந்திருக்கும், அதைத் திரும்ப நடுவில் கொண்டுவர வேண்டும். கியாசுதீன் மெதுவாகக் குழாயின் மேல் கை வைத்தார்.

கறுப்புத் துணிக்குள்ளிருந்து வளையல் கை ஒன்று வெளியே வந்து, அவர் கையைத் தட்டிவிட்டு, ஆண்ட்ரோமெடா நகர்ந்த பக்கமாகவே குழாயைத் தானே ஒரு நூல் நகர்த்தியது.