உப்பேறிய விடியல்

ஹரமணி ஏரிச் சேற்றில் ஒரு பிடியை இடது உள்ளங்கையில் அப்பிக்கொண்டு, பைதர் வீட்டு வாசலோரம் குந்தியிருக்கிறாள். வலது கை விரல் புகையிலைப் பசையைப் பல்லில் தேய்த்துக்கொண்டிருக்கிறது. கண் மட்டும் சேற்றில். நல்ல பொழுதாக இருந்தால் சேறு ஓரத்திலிருந்து வெளுத்துக்கொண்டே வரும். கெட்டுப்போன பொழுதில் வைத்த ஈரம் வைத்தபடி இருக்கும். கடிகாரத்தை அவள் திரும்பிக்கூடப் பார்ப்பதில்லை. அது எந்த வீட்டிலும் ஓடத்தான் செய்கிறது.

சிலிகா ஏரிக்கரையில், துக்கத்தால் ஒரு வீட்டில் கெட்டுப்போன நேரத்தைத் தேற்றும் பொழுது வைத்தியம் பார்க்கிறவர்கள் ஊருக்கு ஒருவராவது உண்டு. ஹரமணி எங்கள் வலைக்கார லோச்சனின் மாமியாருக்கு ஒன்றுவிட்ட தங்கை. எதிர்க்கரையில் வாழ்க்கைப்பட்டு, புருஷன் போனபின் இந்தப் பக்கம் வந்து சேர்ந்தவள். ஆள் குள்ளம். வாய் நீளம். துக்க வீட்டில் யாராவது, காலம் போகப்போக எல்லாம் சரியாகிவிடும் என்று ஆரம்பித்தால் போதும், பிடித்துக்கொள்வாள். "காலத்துக்கே புண்ணு வந்து கெடக்கு. அது போயி யார ஆத்தப் போவுது?"

கடல்நீர் ஏறிப்போன வயலைத் திருத்துவது மாதிரிதான் அவள் வைத்தியமும். "உப்பேறுன மண்ணுல எடுத்ததும் நெல்ல நடுவியா? மொதல்ல கோரை வரட்டும். கோரை வந்தா புழு வரும். புழு வந்தா கொக்கு தானா வரும்." கெட்ட பொழுதில் அவள் முதலில் வீட்டுக்காரர்கள் கையில் ஊன்றுவது முடிவே இல்லாத சின்ன வேலைகளை: அரிசியில் கல் பொறுக்குவது, கயிறு திரிப்பது. அது வேர் பிடித்தால் ஒரு முனகல் வரும், பிறகு ஒரு குத்தல் பேச்சு. எல்லாவற்றுக்கும் பிறகு வருவது சண்டை. "சண்ட வந்துருச்சுன்னா காடு தேறிப் புலி திரும்பி வந்த மாதிரி. அப்பறம் என்ன எதுக்குக் கூப்பிடுற?" என்பாள்.

அந்தப் பொழுதுக்கு வேலியும் போடுவாள். வாசலில் ஒரு கிழிந்த வலைத்துண்டு தொங்கினால், அந்த நேரத்தில் ஆறுதல் சொல்ல யாரும் உள்ளே போகக்கூடாது. ஆறுதல்காரர்களை அவள் ஆடு என்றுதான் சொல்வாள். துளிர்த்ததையெல்லாம் மேய்ந்துவிட்டுப் போய்விடுவார்களாம்.

போன மழைக்காலத்தில் பைதரின் ஒரே மகன் திபாகர் படகு கவிழ்ந்து போனான். உடலைக் கரை சேர்த்தது பொழுது சாய்கிற நேரம். அன்றிலிருந்து பைதரும் அவன் பெண்சாதி குந்தளாவும் ஒரு வார்த்தை பேசிக்கொள்ளவில்லை. அவள் வடிப்பாள், அவன் தின்பான். நாளை ரஜ பண்டிகை. பூமி ஓய்வெடுக்கிறது என்று மண்ணில் யாரும் மண்வெட்டி வைக்கமாட்டார்கள். கட்டிக்கொடுத்த பெண்கள் பிறந்த வீட்டுக்கு ஊஞ்சலாடப் போவார்கள். குந்தளாவை அழைத்துப்போக அவள் அண்ணன் இன்று வருகிறான். அவளோ தகரப் பெட்டியில் குளிர்காலத்துப் போர்வையையும் மடித்து வைத்துவிட்டாள். ஊஞ்சலாடப் போகிறவளுக்குப் போர்வை எதற்கு? திரும்பமாட்டாள் என்று ஊருக்கே தெரியும்.

தப்பு ஹரமணியுடையதுதான். உடல் வந்த நேரத்துக்கு வேலி போடுவது அவர்கள் தொழில் வழக்கம். அவளும் குளிர்காலம் முழுக்கச் சாயங்காலத்துக்கே வலை கட்டிப் பார்த்தாள். ஒன்றும் முளைக்கவில்லை. சரி, நமக்கு வராத கேஸ் என்று ஒருநாள் விடியலில் வலையை அவிழ்க்க வந்தவள், கணுக்காலில் ஒட்டிய வழிச்சேறு காயாமலே நிற்பதைப் பார்த்துத் தலையில் அடித்துக்கொண்டாள். "அடி மடச்சி! மடை ஒடஞ்சது மேல. நான் கீழ நின்னு எறைச்சிட்டிருக்கேன்." திபாகர் படகு எடுத்தது விடியலில். அந்த நேரத்தைப் பற்றித்தான் அந்த வீட்டில் யாரும் வாய் திறந்ததில்லை. அன்றே வேலியை விடியலுக்கு மாற்றினாள்.

இப்போது முற்றத்தில் குந்தளா முறத்தில் கல் பொறுக்குகிறாள். பைதர் கயிறு திரிக்கிறான். வெளிச்சம் பரவுகிறது.

"அன்னிக்கும் வானம் தெளிவாத்தான் இருந்துச்சு" என்கிறான் பைதர், கயிற்றைப் பார்த்து.

முறம் நிற்கிறது.

"தெளிவா இருந்துச்சா? மேக்கால கருப்பா ஏறுதுன்னு கை நீட்டிக் காட்டுனேன். பயந்தாங்கொள்ளி பேச்சக் கேக்காதடான்னு நீதான்யா சொன்ன!"

"மேகத்தப் பாத்தவ அவன் கையப் புடிச்சு நிறுத்தியிருக்கலாம்ல? பெத்தவதான நீ?"

"புடிச்சேன்யா! உதறிட்டுப் போனான். ஒன்ன மாதிரியே!"

முறம் பறக்கிறது. முற்றமெல்லாம் அரிசி. சத்தம் கேட்டு லோச்சன் வேட்டியைச் சரியாகக்கூடக் கட்டாமல் ஓடி வருகிறான்.

"சித்தி, வழிய விடு. அடிச்சுக்கப் போறாங்க."

ஹரமணி வாசலை மறித்துக் கையை விரிக்கிறாள். "ஆடு உள்ள போவக் கூடாது."

"யார ஆடுங்கற?"

"தாடி இருக்குல்ல, போ."

உள்ளே குந்தளாவின் குரல் உடைந்து, மறுபடி ஏறுகிறது. "நான் எதுக்குப் போவணும்? இங்கயே ஒக்காந்து கேப்பேன். சாவுற வரைக்கும் கேப்பேன். பதில் சொல்லு!"

தெருமுனையில் குந்தளாவின் அண்ணன் கொண்டுவந்த ஆட்டோ படபடத்துக்கொண்டு வந்து நிற்கிறது. அவன் இறங்குவதற்குள் ஹரமணி கிட்டே போய், ஓட்டுகிறவனின் முழங்கைக்கு அடியில் கையை விட்டுச் சாவியைத் திருகி எடுத்து, இடுப்பில் செருகிக்கொள்கிறாள்.