ஒடெட் தைத்த கூம்பும் நான் மறந்த நான்கு விரலும்

என் தங்கை ஒடெட் ஒரு நாளும் கூம்பு அணிந்ததில்லை. துணியால் தைத்த அந்த உயரமான தலையணியை அணியும் குலத்தில் நாங்கள் பிறக்கவில்லை. அவள் தலையில் எப்போதும் காதுக்குக் கீழே முடிச்சிட்ட வெள்ளை லினன் தொப்பிதான். ஆனால் செமூர் நகரத்துச் சீமாட்டிகளின் தலையில் நிற்கும் கூம்புகளில் பத்துக்கு ஏழு அவள் கையால் ஆனவை. வாய்க்கு வந்தபடி சொல்லவில்லை. போன ஈஸ்டர் திருநாளில் தூணோரம் நின்று எண்ணினேன். பதினேழு கூம்புகள் வந்தன. அவற்றில் பன்னிரண்டு அவளுடையவை. மற்ற ஐந்தில் இரண்டு சாய்ந்திருந்தன.

நான் தெவெனன், தச்சன். அவளுக்கு நான்கு வயது மூத்தவன். அவள் முதன்முதலில் யாருக்குக் கூம்பு வைத்தாள் என்று எனக்குத் தெரியும். ஏழு வயதில் தன் மரப்பொம்மைக்கு எங்கள் வீட்டுப் புனலைக் கவிழ்த்து வைத்தாள். பீப்பாயிலிருந்து திராட்சை ரசம் இறக்க அம்மா அந்தப் புனலைத் தேடி வீட்டையே புரட்டினாள். முதுகில் இரண்டு அடி விழுந்தபிறகும் ஒடெட் கவலைப்பட்டது பொம்மைக்காகத்தான். "ரொம்பக் கனம்மா இது. அவளுக்குக் கழுத்து வலிக்குது."

பதினான்கு வயதில் தலையணி தைக்கும் ஒரு விதவையிடம் வேலைக்குச் சேர்ந்தாள். இருபத்து மூன்றில் என் பட்டறைக்கு மேலிருந்த அறையில் தனியாகத் தொழில் தொடங்கினாள். கூம்புகளை நிறுத்தி வைக்கும் மரத்தலைகள் ஆறும் நான் கடைந்து கொடுத்தவை. கல்யாணம் செய்துகொள்ளவில்லை. பெண் கேட்டு இருவர் வந்தார்கள். முதலாமவனுக்குக் கை வியர்க்கிறது, வெல்வெட்டுக்கு ஆகாது என்றாள். இரண்டாமவன் கூம்பைக் கண்டால் சிரிக்கிறான் என்றாள்.

சிரிப்பவர்களுக்குக் குறைவில்லை. சந்தையில் வண்டிக்காரர்கள், "கோபுரம் வருது, மணியடிக்கப் போவுது, ஒதுங்குங்கடா" என்பார்கள். ஒடெட் கோபித்துக்கொள்ள மாட்டாள். "தலையில ஒண்ணை வெச்சு ரெண்டு தெரு நடந்துட்டு வரச் சொல்லுங்க. அப்புறம் சிரிக்கட்டும்" என்பாள். அவள் சொல்வது சரிதான். கூம்பு பின்பக்கம் சாய்ந்து நிற்பது. அதன் பாரம் தலையைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டே இருக்கும். கூந்தலை உச்சியில் இறுக்கிச் சுருட்டி, அந்தச் சுருளில் ஊசிகளைக் குத்தித்தான் அதை நிறுத்துவார்கள். வெளியே ஒரு முடியும் தெரியக்கூடாது. நெற்றிக்கு மேலே இருப்பதைக்கூடப் பிடுங்கிவிடுவார்கள்.

லார்சனே மாளிகையின் மகள் அலிக்ஸ் அம்மணிக்குச் சுருட்ட முடியே இல்லாமல் போனது, அவருக்குத் திருமணம் நிச்சயமான கோடையில். இருபது நாள் காய்ச்சல். உயிர் தங்கியது, கூந்தல் தங்கவில்லை.

திராட்சை அறுவடை முடிந்த வாரம் அவரும் அவருடைய தாயாரும் ஒடெட்டின் அறைக்கு வந்தார்கள். நான் அங்கே சன்னல் சட்டத்தைச் சரிசெய்துகொண்டிருந்தேன். தாயார் என்னை வெளியே போகச் சொன்னார்.

"அண்ணன் இருக்கட்டும்மா. அளவெடுக்க அவர் வேணும்" என்றாள் ஒடெட்.

அலிக்ஸ் அம்மணி முக்காட்டை நீக்கினார். முட்டையிலிருந்து அப்போதுதான் வந்த குஞ்சுபோல இருந்தது தலை. தாயார் சுவரைப் பார்த்துக்கொண்டே கேட்டார்.

"முடி இல்லாத தலையில கூம்பு நிக்குமா?"

"முடியிலதாம்மா ஊசி குத்துவோம். இல்லன்னா வேற எதுலயாவது மாட்டணும்."

"எதுல?"

"யோசிக்கணும்."

"ஆணி அடிச்சிடலாமே" என்றார் அலிக்ஸ் அம்மணி. "அதான் தச்சரே இருக்காரே."

நான் தலை குனிந்துகொண்டேன். ஒடெட் சிரித்தாள். தாயார் மட்டும் சிரிக்கவில்லை.

"விளையாட்டா இருக்கா உனக்கு? பெயாத்ரிஸ் கண்ணுல பட்டுச்சுன்னா என்ன ஆகும்னு தெரியுமா?"

பெயாத்ரிஸ் சீமாட்டி மாப்பிள்ளையின் தாய். தன் தம்பி மகளை மருமகளாக்க நினைத்திருந்தவர். மகனின் பிடிவாதத்துக்காகத்தான் இதற்கு இசைந்தார். மாப்பிள்ளை ஜெராருக்கு விஷயம் தெரியும். அலிக்ஸ் அம்மணியே ஆள் விட்டுச் சொல்லியிருந்தார். முடி வளரும், நீ பிழைத்தது போதும் என்று அவர் பதில் அனுப்பியிருந்தார். ஆனால் கோவில் வாசலில் கை பிடித்து உறுதிமொழி சொல்லும்வரை பெரியவர்கள் வேண்டாம் என்றால் வேண்டாம்தான். நோய்ப்பட்ட பெண் என்று ஒரு சொல் போதும்.

முன்பெல்லாம் மணப்பெண் கூந்தலை விரித்துவிட்டு வருவாள். கூம்பு வந்தபிறகு பெரிய இடத்தில் அந்த வழக்கம் தளர்ந்திருந்தது. அந்த மட்டில் நல்லது.

"கொஞ்சம் குட்டையா தெச்சா பாரம் குறையும்மா" என்றாள் ஒடெட்.

"அரை விரல் குறைஞ்சாலும் எங்க குடும்பத்தையே குறைச்சுப் பேசுவா. உயரம் உயரமாத்தான் இருக்கணும்."

ஒடெட் ஒன்பது நாள் யோசித்தாள். மூன்று கூம்பு தைத்துப் பிரித்தாள். முடிவில் அவள் கண்டுபிடித்தது இது. கூம்பின் அடியிலிருந்து இரண்டு கன்னத்தோரமும் கருப்பு வெல்வெட் பட்டை தோள்வரை தொங்கும். எல்லாக் கூம்பிலும் அது அழகுக்காக இருப்பது. அலிக்ஸ் அம்மணியின் பட்டைகளின் நுனியை உடையின் கழுத்துப்பட்டியோடு சேர்த்து, பக்கத்துக்கு ஐந்து தையல் போட்டாள். கூம்பு பின்னுக்கு இழுத்தால் பட்டை முன்னுக்கு இழுக்கும். உள்ளே தலையைப் பற்றிக்கொள்ள முரட்டுக் கம்பளித் தொப்பி ஒன்று. நெற்றியில் வழக்கமான சின்னக் கருப்பு வளையம்.

கூம்பு நின்றது. ஆனால் அம்மணியால் தலையைத் திருப்பவோ குனியவோ முடியவில்லை. குனிந்தால் தையல் தெறிக்கும். தெறித்தால் எல்லாம் பின்னால் போய்விடும்.

"அப்ப வாசல்ல எப்படி நுழையறது?" என்றார் அம்மணி.

"கழுத்தை மறந்துடுங்க. முட்டியை மடிங்க" என்றாள் ஒடெட்.

இங்கேதான் என் வேலை வந்தது. திருமணம் லார்சனே மாளிகை முற்றத்துக்கு எதிரே, கோட்டைக்குள் இருக்கும் சிறு கோவிலில். அதன் முகப்பு வளைவு தாழ்வானது; அதைக் கடந்து உள்ளே நின்றுதான் கோவில் கதவருகே உறுதிமொழி சொல்ல வேண்டும். நான் போய் மூன்று முறை அளந்தேன். நாலு முழம் பதினாறு விரல். அம்மணியைக் கூம்போடு நிறுத்தி அளந்தேன். நாலு முழம் பதினெட்டு விரல். இரண்டு விரல் இடிக்கிறது. மூன்று விரல் தாழ்ந்தால் தாராளமாகப் போகலாம். அதே அகலத்தில் ஒரு மரச்சட்டம் செய்து ஒடெட்டின் அறையில் நிறுத்தினேன். மேல் கட்டையை விரல் விரலாக இறக்கும்படி முளைகள் வைத்தேன்.

பன்னிரண்டு மதியங்கள் பழகினார்கள். ஒடெட் பின்னால் நின்று எண் சொல்லுவாள்; அம்மணி அந்த அளவுக்கு முட்டியை மடித்து, முதுகு வளையாமல் நழுவிப் போவார். மூன்று விரல் தாழ்வது கைவந்தபிறகு அம்மணிக்கு உற்சாகம் ஏறியது.

"இன்னும் இறக்குங்க தச்சரே. எதுவரைக்கும் போறேன்னு பாக்கலாம்."

"எதுக்கு அம்மணி? மூணு போதுமே" என்றேன்.

"அண்ணனுக்குக் கணக்குக்கு மேல ஒரு விரல்கூட ஆகாது" என்றாள் ஒடெட். "இறக்குங்கண்ணே. புள்ள ஆசைப்படுது."

எட்டு விரல்வரை போனார். ஒன்பதில் முட்டி நடுங்கி அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார். இருவரும் சிரித்த சிரிப்பில் கீழே என் பட்டறைக்கு வந்திருந்தவர்கள் மேலே பார்த்தார்கள்.

திருமணம் அக்டோபர் இருபத்து மூன்றாம் நாள், செவ்வாய்க்கிழமை. விடியுமுன் தொடங்கிய மழை எட்டு மணிக்குத்தான் விட்டது. நான் நல்ல சட்டை போட்டுக்கொண்டு கோவில் முகப்பின் ஓரத்தில் நின்றேன். வளைவுக்கு உள்ளே பெயாத்ரிஸ் சீமாட்டி தன் உறவுக்காரப் பெண்களோடு காத்திருந்தார். பக்கத்தில் மாப்பிள்ளை.

மாளிகைக் கதவு திறந்து அலிக்ஸ் அம்மணி முற்றத்துக்கு வந்தார். நீலக் கூம்பு. அதன் நுனியிலிருந்து முக்காடு புகைபோல இறங்கியது. ஒரு முள் அளவுகூடச் சாயவில்லை. முக்காடு சேற்றில் படாமல் தூக்கிப் பிடித்தபடி ஒடெட் பின்னால் வந்தாள். என் தங்கை செய்தது என்று பக்கத்தில் இருந்தவரிடம் சொல்ல வாயெடுத்தேன். அப்போதுதான் கல்லில் டக் டக் என்று கேட்டது.

அம்மணியின் காலில் பாதக்குறடு.

சேறு கிடந்தால் செருப்புக்கு அடியில் மரக்குறடு மாட்டாமல் இந்த ஊரில் யார் முற்றம் கடப்பார்கள்? நானே போட்டிருந்தேன். மூன்று முறை அளந்தவன், காய்ந்த தரையில் மெல்லிய செருப்போடு நின்றவரை அளந்திருந்தேன். குறடு நான்கு விரல் உயரம். மூன்று போதாது, ஏழு வேண்டும். கழற்றச் சொல்லவும் வழியில்லை. கழற்ற ஒற்றைக் காலில் நிற்க வேண்டும். அந்தத் தலையோடு அது ஆகாது.

கத்த முடியுமா? பெயாத்ரிஸ் சீமாட்டியின் கண் அந்தக் கூம்பைவிட்டு நகரவில்லை. நான் கூட்டத்துக்கு முன்னால் ஒரு அடி வந்தேன். ஒடெட் முக்காட்டையே பார்த்து நடந்தாள். இருமினேன். அவள் பார்த்தாள். நான்கு விரலை மார்போடு ஒட்டி நீட்டி, என் குறட்டைக் காட்டினேன்.

அவள் அம்மணியின் காலைப் பார்த்தாள்.  வளைவுக்கு இன்னும் ஆறு அடிதான் இருந்தது. முக்காட்டைச் சரிசெய்பவள்போல நெருங்கினாள். அவள் உதடு அசைந்ததை மட்டும் நான் கண்டேன். சொன்னது என்னவென்று பிறகு சொன்னாள். "ஏழு, அம்மணி."

அம்மணி ஏன் என்று கேட்கவில்லை. பன்னிரண்டு மதியமும் அந்தக் குரலுக்கே பழகியவர். வளைவின் அடியில் வந்ததும் இறங்கத் தொடங்கினார். மூன்று விரல், ஐந்து விரல். குறடு ஈரக் கல்லில் வழுக்கி ஒரு பக்கம் திரும்பியது. மாப்பிள்ளை ஓரடி முன்னால் வந்து கையை நீட்டினார். அதைப் பிடித்துக்கொண்டு இன்னும் இறங்கினார். முதுகு நிமிர்ந்தே இருந்தது. உடை தரையில் மலர்ந்தது. கூம்பின் நுனி கல்லுக்குக் கீழே போனது. முக்காட்டில் ஒரு துண்டு மட்டும் கல்லின் முனையில் மாட்டிக் கிழிந்தது. அவ்வளவுதான். அம்மணி உள்ளே போய் மெதுவாக எழுந்தார்.

எழுந்தது நேராகப் பெயாத்ரிஸ் சீமாட்டியின் முன்னால்.

 தனக்கு இவ்வளவு ஆழமாக யாரும் இதுவரை வணக்கம் செலுத்தியதில்லை என்பது அந்த அம்மாள் முகத்தில் தெரிந்தது. பக்கத்தில் இருந்த தம்பி மகளைத் திரும்பிப் பார்த்தார்.

"பாத்துக்கோ. மரியாதைன்னா இது. நீ தலையை ஆட்டிட்டுப் போவியே, கோழி மாதிரி."

பிறகு தானே மருமகளின் கையை எடுத்து மகனின் கையில் வைத்தார். பாதிரியார் தொடங்கினார். உறுதிமொழி முடியும்வரை கூம்பு அசையவில்லை.

வீடு வந்தோம். ஒடெட் படியில் உட்கார்ந்து தன் குறட்டைக் கழற்றி என் மடியில் போட்டாள்.

"மூணு தடவை அளந்தீங்கல்ல?"

"அளந்தேன்."

"செமூர்ல பொறந்து வளந்தவரு. அக்டோபர்ல மழை பெய்யும்னு யாராவது வந்து சொல்லணுமா?"

"தப்புதான்."

"தப்புதான். ஆனா விரலைக் காட்டினீங்களே, அதுவும் நீங்கதான்." கொஞ்சம் கழித்து, "இருமல் கேவலமா இருந்துச்சு" என்றாள்.

அந்தக் குறட்டுச் சோடி இன்றும் என் அளவுகோலுக்குப் பக்கத்தில் தொங்குகிறது. அது இல்லாமல் நான் எந்த வாசலையும் அளப்பதில்லை.

மூன்று வாரம் கழித்துப் பெயாத்ரிஸ் சீமாட்டியே எங்கள் படியேறி வந்தார். தம்பி மகளையும் அழைத்து வந்திருந்தார். அவர் கேட்டது கூம்பு மட்டுமல்ல.

"அந்த மாதிரி வணங்கறதுக்கு இவளுக்கு நீ சொல்லிக் குடுக்கணும்."

ஒடெட் முகத்தில் ஒரு சுளிப்பும் இல்லை. "ஏழு விரல் ஆழம்மா அது. முட்டிக்குப் பழக்கம் வேணும். அண்ணன்கிட்ட சட்டம் இருக்கு."

அந்தக் குளிர்காலம் முழுதும் பெரிய வீட்டுப் பெண்கள் என் சட்டத்தில் நுழைந்து நுழைந்து வந்தார்கள். இப்போது அந்தக் கோவிலில் தேவையே இல்லாத குட்டைக் கூம்புக்காரிகளும் வளைவின் அடியில் அப்படித்தான் தாழ்கிறார்கள். வண்டிக்காரர்களுக்கு அதிலும் ஒரு கேலி கிடைத்தது. ஒடெட்டுக்குப் பன்னிரண்டு கூம்பு தைக்கும் வேலை கிடைத்தது.

அலிக்ஸ் அம்மணி அடுத்த அக்டோபரில் புதுக் கூம்புக்கு வந்தார். கணவரும் வந்து கீழே பட்டறையில் உட்கார்ந்திருந்தார். மேலே ஒடெட் முக்காட்டை நீக்கிப் பார்த்தாள். முடி காதைத் தொட்டிருந்தது, முன்பைவிடச் சுருள். உச்சியில் கூட்டிப் பிடித்தால் ஒரு வாத்து முட்டை அளவுக்குச் சுருட்ட வந்தது. பட்டையில் தையல் போட எடுத்த நூலை ஒடெட் கீழே வைத்துவிட்டு, ஊசிப் பெட்டியைத் திறந்தாள்.

முதல் ஊசி போனதும் அம்மணி, "ஆ, இழுக்குது" என்றார்.

ஒடெட்டின் கை நின்றது. "எங்கம்மா? நல்லா இழுக்குதா?"

"நல்லா இழுக்குது."

"இழுக்கட்டும்" என்று சொல்லி ஒடெட் அடுத்த ஊசியை எடுத்தாள்.